கத்தரிக்கோல் ஏந்திய கலைஞர்: டேவிட் லீன் சரிதம்

கோபுரத்தைக் கண்டு வியப்பவர்கள் அதைக் கட்டுவித்த அரசனின் பெயரைக் கேட்டறிகிறார்கள். கல் சுமந்தவன் பெயரைக் கேட்பார் இலர். சினிமாத் தொழிலிலும் இதுவே வழக்கம். திரையில் முகங் காட்டும் நடிகரை நாடு முழுதும் அறியும். டைரக்டரின் பெயரைப் படித்தவர்கள் அறிவார்கள். ஆனால், மலைபோற் குவிந்து கிடக்கும் பிலிமை மேஜைமேற் பரப்பிக்கொண்டு, எதை வைப்பது, எதை விடுவது, எந்தக் காட்சிக்குப் பின் எந்தக் காட்சி வருவது என்று இராப்பகலாய்த் தீர்மானிக்கும் எடிட்டர் என்னும் படத்தொகுப்பாளரை அறிந்தவர் எத்தனை பேர்? அவர் தம் வேலையை நன்றாய்ச் செய்தாரானால் அவ்வேலை நடந்ததாகவே நமக்குத் தோன்றுவதில்லை. கெடுத்தாரானால் மாத்திரமே படம் இழுக்கிறது என்று முணுமுணுக்கிறோம்.

இத்தகைய தொழிலில், அடிமட்டத்திலிருந்து ஒவ்வொரு படியாய் ஏறி, உலகம் போற்றும் டைரக்டரான பின்னரும், முதலிற் கைக்கொண்ட கத்தரிக்கோலைக் கீழே வையாதிருந்த ஒருவரின் சரித்திரத்தை இன்று நம் நேயர்களுக்குக் கூற விரும்புகின்றோம். அவர் இங்கிலாந்து தேசத்தவரான டேவிட் லீன் என்பவர். 1991-ஆம் வருஷம் ஏப்ரல் மாதம் 16-ந் தேதி லண்டன் நகரில் அவர் காலஞ்சென்றார்.

ஆங்கிலேயர் ஒருவருடைய சரிதம் நமக்கு எதற்கு என்று சிலர் வினவலாம். அதற்கு விடை இரண்டு. உழைப்பின் பெருமைக்குத் தேசமும் நிறமும் இல்லை என்பது ஒன்று. மற்றொன்று இதைவிட முக்கியமானது. இவர் எடுத்த படங்களுள் ஒன்று, நம் தமிழ் மக்கள் பல்லாயிரவர் மாண்ட இடத்தைக் கதைக் களமாகக் கொண்டது. இன்னொன்று, நம் நாட்டில் ஆங்கிலேயர் நடத்திய ஆட்சியையே பொருளாகக் கொண்டது. எதை வைத்தார், எதை விட்டார் என்று இவரைக் கேட்கும் உரிமை நமக்கு உண்டு.

பிறப்பும் இளமையும்

லண்டனுக்குத் தெற்கேயுள்ள குரோய்டன் என்னும் ஊரில் 1908-ஆம் வருஷம் மார்ச்சு மாதம் 25-ந் தேதி டேவிட் லீன் பிறந்தார். தந்தை கணக்குப் பரிசோதகர். குடும்பத்தார் குவேக்கர் என்னும் கிறிஸ்தவப் பிரிவினர். எளிய வாழ்வையும் மௌனப் பிரார்த்தனையையும் போற்றி, கேளிக்கைகளை விலக்கி நடப்பவர்கள் இப்பிரிவினர். ஆகவே, சினிமாக் கொட்டகையின் வாயிலை மிதிப்பதும் அவ்வீட்டில் தகாத செயலாகக் கருதப்பட்டது. ஷெர்லக் ஹோம்ஸ் கதையொன்றைத் தழுவிய ஊமைப் படத்தைச் சிறுவர் டேவிட் பார்த்தபோது அவருக்கு வயது சுமார் பதின்மூன்று. அதுவே அவர் கண்ட முதற் படம். அதற்குச் சில வருஷங்களுக்கு முன்பே உறவினர் ஒருவர் அவருக்கு ஒரு சிறு கோடக் காமிராவைப் பரிசளித்திருந்தார். மந்தமான பிள்ளை என்று வீட்டார் கருதியிருந்த பையனிடம் அப்பரிசு ஒரு நம்பிக்கையை விதைத்தது.

பள்ளிப் படிப்பில் டேவிட் சிறந்து விளங்கவில்லை. அவருடைய தம்பியோ கூர்மதி படைத்தவர். ஆக்ஸ்போர்டு சர்வகலாசாலைக்குச் சென்றார். மூத்தவரைச் சர்வகலாசாலைக்கு அனுப்புவது வீண் என்று தீர்மானித்து, தந்தையின் கணக்குக் காரியாலயத்திலேயே அமர்த்தினார்கள். இதற்கிடையில் தந்தை தாயைப் பிரிந்து வேறிடம் சென்று வாழத் தலைப்பட்டார். கூட்டல் கழித்தலில் மனம் பற்றாத வாலிபர், மாலை வேளைகளைச் சினிமாக் கொட்டகைகளிற் கழித்தார். சினிமாப் பத்திரிகைகள் அவருடைய அறையில் இறைந்து கிடப்பதைக் கண்ட அத்தை ஒருவர், இவனை இவன் விரும்பும் தொழிலுக்கே அனுப்பலாகாதா என்று கேட்டாராம். அந்தக் கேள்வி ஒரு வாழ்வின் போக்கை மாற்றியது.

கடைசிப் படியிலிருந்து

1927-ஆம் வருஷத்தில், லண்டனில் லைம் குரோவ் என்னுமிடத்திலிருந்த கௌமான் கம்பெனியின் ஸ்டூடியோவில் அவர் சேர்ந்தார். முதலிற் சம்பளமின்றிப் பரீட்சார்த்தமாய் வேலை. பிறகு வாரத்திற்குப் பத்து ஷில்லிங். தேநீர் கொண்டு வந்து கொடுப்பதே முதல் உத்தியோகம். பிறகு காட்சியின் எண் எழுதிய பலகையைக் காமிராவின் முன் பிடித்தார். ஓரிடத்துச் செய்தியை மற்றோரிடத்துக்கு ஓடிச் சொன்னார். காமிராக்காரருக்கு உதவியாய்ப் பெட்டி சுமந்தார். உடுப்பு அறையிற் சட்டைகளையும் காலணிகளையும் எண்ணிக் கொடுத்தார். மூன்றாவது உதவி டைரக்டராய்க் கூட்டத்தை ஒழுங்கு செய்தார்.

இவையெல்லாம் சிறு வேலைகள் என்று இகழ்வோர் உண்டு. ஆனால் தேநீர் கொண்டுபோகும் பையனே ஸ்டூடியோவின் சகல அறைகளிலும் தடையின்றி நுழையக் கூடியவன். விளக்கு அமைப்பவர் ஏன் காத்திருக்கிறார், தச்சர் ஏன் அவசரப்படுகிறார், எந்தத் தவற்றினால் அரை நாள் வேலை பாழாகிறது என்பவற்றை அவன் கண்ணாற் காண்கிறான். லீன் இவ்வாறு எல்லா அறைகளையும் கண்டபின், ஓர் அறையின் வாயிலில் நின்றுவிட்டார். அதுதான் எடிட்டிங் அறை.

அந்நாளில் அவ்வறையில் இருந்தவை ஒரு மேஜை, ஒரு விளக்கு, ஒரு கத்தரிக்கோல், ஒட்டுப் பசை, கொக்கிகளில் தொங்கும் பிலிம் துண்டுகள் ஆகியவையே. ஓரடி நீளப் பிலிமில் பதினாறு சிறு படங்கள் அடங்கும். பேசும் படத்தில் வினாடி ஒன்றுக்கு 24 படங்கள் கண்முன் ஓடுகின்றன. ஆயிரம் அடிச் சுருள் ஒன்று பதினொரு நிமிஷத்துக்குச் சற்று அதிகமாக ஓடும். ஒருவன் கதவைத் திறக்கிறான். அடுத்த துண்டில் உள்ளே நிற்கிறான். முதற் துண்டை எந்தப் படத்தோடு நிறுத்துவது? இரண்டு மூன்று படங்கள் கூடினாலும் குறைந்தாலும் காண்பவர் கண் உறுத்துகிறது. சரியாய் அமைந்தாலோ, வெட்டு என்று ஒன்று இருந்ததே தெரியாமல் மறைகிறது. பிலிமை விளக்குக்கு நேரே பிடித்து, விரல்களின் நடுவே ஓடவிட்டு, இக்கணக்கைக் கண்ணாலும் கையாலும் பழகினார் லீன். தந்தையின் காரியாலயத்திற் பிடிக்காத கணக்கு இங்கே இனித்தது.

பேசும் படமும் செய்திப் படமும்

அவர் தொழிலிற் புகுந்து இரண்டு மூன்று வருஷங்களுக்குள் ஊமைப் படத்தின் காலம் முடிந்து பேசும் படத்தின் காலம் பிறந்தது. மூத்த எடிட்டர்கள் பலர் திகைத்தனர். படம் ஒரு சுருள், ஒலி ஒரு சுருள். இரண்டையும் இம்மியும் பிசகாமல் ஒருங்கே ஓட்ட வேண்டும். எண் பலகையின்மேல் இரண்டு கட்டைகளைத் தட்டி, அவை சேரும் படத்தையும் அவ்வோசையையும் பொருத்தும் முறை ஏற்பட்டதும் இதன்பொருட்டே. பழைய பழக்கம் ஊறாத இளைஞராகையால் லீன் இப்புதுமையை விரைவிற் கற்றுத் தேர்ந்தார்.

1930-ஆம் வருஷ அளவில் அவர் கௌமான் கம்பெனியின் பேசும் செய்திப் படத்துக்கு எடிட்டரானார். பின்னர் பிரிட்டிஷ் மூவிடோன் செய்திப் படத்துக்கும் உழைத்தார். வாரத்துக்கு இரண்டு முறை செய்திப் படம் வெளிவந்தாக வேண்டும். கால்பந்துப் பந்தயம், கப்பல் வெள்ளோட்டம், அரசாங்க விழா என்று எது வந்தாலும், சில மணி நேரத்துக்குள் வெட்டி, ஒட்டி, வருணனை எழுதி, சில சமயம் அவ்வருணனையைத் தாமே பேசியும் அனுப்பினார். தினசரிப் பத்திரிகை நடத்துவோருக்கு இதன் அருமை நன்கு விளங்கும். இரவு பன்னிரண்டு மணிக்குத் தந்தி வருகிறது. இடமோ அரைப் பத்தி. முக்கால் பங்கைத் தள்ளிவிட்டுச் சாரத்தை மாத்திரம் நிறுத்த வேண்டும். தயங்குவோனுக்கு அங்கே இடமில்லை. தீர்மானம் செய்யும் தைரியத்தை அவர் செய்திப் படத்திலேயே பெற்றார்.

ஒரு சட்டமும் ஓர் உறுதியும்

இவ்விடத்திற் சட்ட விஷயம் ஒன்றைக் கூற வேண்டியிருக்கிறது. அமெரிக்கப் படங்களின் பெருக்கத்தாற் சுதேசப் படத் தொழில் அழிகிறதென்று கண்ட பிரிட்டிஷ் பார்லிமெண்டு, 1927-ஆம் வருஷத்தில் ஒரு சட்டம் செய்தது. கொட்டகைக்காரரும் விநியோகஸ்தரும் ஒரு குறிப்பிட்ட விகிதம் பிரிட்டிஷ் படங்களைக் கொண்டாக வேண்டும் என்பது அதன் விதி. நோக்கம் நல்லதே. ஆனால் விளைந்தது வேறு. எண்ணிக்கையைக் காட்டினாற் போதுமென்று, மிகக் குறைந்த செலவில், மிகக் குறைந்த நாட்களில், மட்டமான படங்கள் பல பிறந்தன. தரத்தைக் கேளாது அளவை மாத்திரம் கேட்கும் சட்டத்துக்கு எந்நாட்டிலும் இதுவே கதி.

இத்தகைய அவசரப் படங்களை டைரக்டு செய்யும்படி லீனையும் அழைத்தனர். டைரக்டர் என்ற பட்டத்துக்காக ஏங்கிய இளைஞர் எவரும் துள்ளிப் பாய்ந்து ஏற்றிருப்பர். லீன் மறுத்துவிட்டார். மட்டமான படத்தில் முதன்முதலாகப் பெயர் பொறிக்கப்பட்டால் அக்கறை எளிதிற் போகாது என்று அவர் கருதினார். ஆகவே, பட்டத்தை விட்டுத் தொழிலைப் பற்றி நின்றார். 1935-இல் பால் ஸின்னர் எடுத்த படமொன்றைத் தொகுத்துப் புகழடைந்தார். 1938-இல் பெர்னார்டு ஷாவின் நாடகத்தைத் தழுவிய பிக்மாலியன் படத்தைத் தொகுத்தார். 1941-இல் வெளிவந்த 49-வது இணைகோடு என்ற படத்திலும், 1942-இல் வெளிவந்த மற்றொரு யுத்தப் படத்திலும் பவல், பிரஸ்பர்கர் ஆகிய இருவருக்கும் எடிட்டராக உதவினார். அக்காலத்துக்குள் பிரிட்டனில் மிக உயர்ந்த சம்பளம் பெறும் எடிட்டர்களுள் ஒருவராக அவர் விளங்கினார். தேநீர்ப் பையனாய்ச் சேர்ந்து ஏறக்குறையப் பதினைந்து வருஷங்கள் அதுவரை கழிந்திருந்தன.

பெயர் கேட்ட தொழிலாளி

யுத்த காலத்தில், நாடகாசிரியரும் நடிகருமான நோயல் கௌவர்டு ஒரு கடற்படைப் படம் எடுக்க முன்வந்தார். 1941-இல் கிரீட் தீவருகே மூழ்கிய கெல்லி என்னும் போர்க்கப்பலின் அனுபவத்தை அடிப்படையாகக் கொண்டது அக்கதை. அக்கப்பலின் தலைவர், பிற்காலத்தில் இந்தியாவின் கடைசி வைசிராயாக வந்த மவுண்ட்பாட்டனே. கௌவர்டுக்கு வசனம் தெரியும், நடிப்புத் தெரியும். காமிராவும் கத்தரிக்கோலும் தெரியா. தொழில் நுணுக்கம் அறிந்த ஒருவர் அருகிலிருந்து உதவ வேண்டும் என்றார். எல்லாரும் லீனின் பெயரைச் சொன்னார்கள்.

லீன் உடனே தலையசைத்துவிடவில்லை. உதவியாளர் என்றல்ல, இணை டைரக்டர் என்றே தம் பெயர் திரையில் வரவேண்டும் என்று கேட்டார். கௌவர்டின் புகழுக்கு முன் ஓர் எடிட்டர் இவ்வாறு கேட்பது துணிச்சலான செயல். ஆயினும் அது கர்வமன்று. செய்த வேலைக்குரிய பெயரைக் கேட்பது, செய்த வேலைக்குரிய கூலியைக் கேட்பதைப் போன்றே தொழிலாளியின் நியாயமான உரிமை. கௌவர்டு இசைந்தார். படப்பிடிப்பு நடந்தபோது டைரக்டர் வேலையின் பெரும் பகுதி லீனின் கைக்கே வந்து சேர்ந்தது. 1942-இல் அப்படம் வெளியாகி வெற்றி பெற்றது. முப்பத்துநான்காம் வயதில் டேவிட் லீன் டைரக்டரானார்.

டைரக்டரான எடிட்டர்

இதன்பின் அவர் காமிரா நிபுணர் ரோனால்டு நீம், தயாரிப்பாளர் ஆந்தனி ஹாவ்லக் ஆலன் ஆகியோருடன் கூடிச் சினிகில்டு என்னும் ஸ்தாபனத்தை அமைத்தார். 1945-இல் வெளிவந்த பிரீஃப் என்கவுன்டர் என்ற படம், ஒரு ரயில் நிலையச் சிற்றுண்டிச் சாலையிற் சந்தித்துப் பிரியும் இருவரைப் பற்றியது. யுத்தம் முடியுமுன்னரே, வட இங்கிலாந்தின் கார்ன்ஃபோர்த் நிலையத்தில் இரவு வேளைகளில் அதன் காட்சிகள் எடுக்கப்பட்டன. அடுத்த வருஷம் டிக்கன்ஸின் கிரேட் எக்ஸ்பெக்டேஷன்ஸ் நாவலைப் படமாக்கினார். அதில் மயானத்தில் ஓடிவரும் சிறுவன் தப்பியோடிய கைதியின்மீது திடீரென்று மோதிக்கொள்ளும் காட்சியைக் கண்டோர் நாற்காலியிலிருந்து துள்ளினர். அச்சத்தைத் தந்தது நடிகரின் முகம் மாத்திரமன்று. அம்முகம் எந்தக் கணத்தில் தோன்றவேண்டும் என்ற கணக்கே.

எடிட்டராயிருந்து டைரக்டரானவர்களிடம் ஒரு தனிக் குணம் உண்டு. காட்சியை எடுக்கும்போதே அது எங்கே வெட்டுப்படும் என்பது அவர்களுடைய மனக்கண்ணுக்குத் தெரியும். லீனும் அவ்வாறே தம் மனத்திற் படத்தை முன்னரே தொகுத்துக்கொண்டு களத்துக்குச் சென்றார். அதனால் அவர் பொறுமையற்றவர், பிடிவாதக்காரர் என்ற பெயரும் எடுத்தார். விரும்பிய மேகத்துக்காகவும் வெளிச்சத்துக்காகவும் ஒரு படையையே காத்திருக்க வைத்தார். நடிகர்களைவிடத் தொழில் நுணுக்கர்களிடமே அவர் மனம் ஒட்டியது. வீட்டு வாழ்விலோ அவர் வெற்றி பெறவில்லை. ஆறு முறை மணம் புரிந்தார். முதல் மனைவியையும் கைக்குழந்தையையும் இளமையிலேயே விட்டுப் பிரிந்தார். இதை மறைப்பது சரித்திரமாகாது.

குவாய் நதிப் பாலம்

1956, 1957-ஆம் வருஷங்களில் லீன் இலங்கைக்கு வந்தார். குவாய் நதிப் பாலம் என்னும் படத்துக்காகக் களனி கங்கையின் கரையில், கித்துள்கல என்னுமிடத்தில், மெய்யான மரப் பாலமொன்று கட்டப்பட்டது. ஓடும் ரயிலோடு அதைத் தகர்ப்பதே படத்தின் முடிவு. 1957 மார்ச்சு மாதத்தில் அதற்கு நாள் குறித்தனர். பல காமிராக்கள் பல இடங்களில் நின்றன. ஒவ்வொரு காமிராக்காரரும் தம் யந்திரத்தை ஓடவிட்டு, பத்திரமான இடத்துக்குச் சென்றதும் ஒரு விசையை அழுத்த வேண்டும். அழுத்தினால் டைரக்டர் முன்னுள்ள பலகையில் ஒரு விளக்கு எரியும். ரயில் பாலத்தை நெருங்கிவிட்டது. ஒரு விளக்கு மாத்திரம் எரியவில்லை. ஒரு தொழிலாளியின் உயிர் ஆபத்திலிருக்கலாம் என்ற ஐயத்தில் வெடியை நிறுத்தினர். ஆளற்ற ரயில் பாலத்தைக் கடந்து அப்பால் மோதி நின்றது. விசையை அழுத்த ஒருவர் மறந்ததே காரணம் என்று பின்னர்த் தெரிந்தது. ரயிலை மீட்டு நிறுத்தி, மறுநாள் பாலத்தைத் தகர்த்தனர். பெருஞ் செலவைவிட ஒருவன் உயிர் பெரிதென்று அந்த ஒரு கணத்தில் தீர்மானித்தது போற்றத் தக்கதே.

அப்படம் ஏழு ஆஸ்கார் பரிசுகளைப் பெற்றது. ஆனால் அதன் திரைக்கதையை எழுதிய கார்ல் ஃபோர்மன், மைக்கேல் வில்ஸன் ஆகிய இருவர் பெயரும் திரையில் இல்லை. கம்யூனிஸ்டுகள் என்ற சந்தேகத்தால் அமெரிக்கப் பட முதலாளிகள் அவர்களை விலக்கி வைத்திருந்தார்கள். ஆங்கிலத்தில் எழுதாத பிரெஞ்சு நாவலாசிரியர் பியர் பூலே பெயருக்குப் பரிசு சென்றது. உண்மையில் எழுதியவர்களுக்கு அப்பரிசை அளிப்பதென்று 1984-இல் தான் தீர்மானமாயிற்று. அது அவர்கள் குடும்பத்தாரின் கைக்கு வந்தபோது இருவருமே உயிரோடில்லை.

இதனினும் பெரிய வெட்டு ஒன்று உண்டு. ஜப்பானியர் 1942, 1943-ஆம் வருஷங்களில் சயாமிலிருந்து பர்மாவுக்குச் சுமார் 415 கிலோமீட்டர் நீளம் அந்த ரயில் பாதையை அமைத்தனர். அதில் உழைத்த நேசநாட்டுப் போர்க் கைதிகள் அறுபதினாயிரத்துக்கு மேற்பட்டோர்; அவர்களில் மாண்டவர் பன்னீராயிரத்துக்கு மேல். ஆனால் அவர்களோடு உழைத்த ஆசியத் தொழிலாளர் ஏறக்குறைய இரண்டு லட்சம் பேர் என்றும், மாண்டவர் சுமார் 90,000 பேர் என்றும் மதிப்பிடுவர். இவர்களில் மலாய் நாட்டு ரப்பர்த் தோட்டங்களில் பால் வெட்டிப் பிழைத்த தமிழர்கள் பல்லாயிரவர். காலராவிலும் மலேரியாவிலும் பசியிலும் அவர்கள் மடிந்தனர். கைதிகளுக்குச் சேனையின் பதிவேடு இருந்தது. பின்னர்க் கல்லறையும் பெயர்ப் பலகையும் கிடைத்தன. தமிழ்க் கூலிக்குப் பதிவேடும் இல்லை, பலகையும் இல்லை.

லீனின் படத்தில் இம்மக்களுடைய துயரக் கதைக்கு இடமில்லை. ஓர் ஆங்கிலக் கர்னலின் கௌரவமும் பிடிவாதமுமே அதன் பொருள். மூல நாவலும் அப்படியே என்பது உண்மை. மெய்யாகவே அங்கிருந்த கைதிகள் பலர், தங்கள் கர்னல் டூசி எதிரிக்கு மனமுவந்து உதவியவரல்லர் என்று அப்படத்தை ஆட்சேபித்தனர். அவர்களுக்கு ஆட்சேபிக்க நாவும் பத்திரிகையும் இருந்தன. தோட்டத் தமிழர் சார்பில் அன்று கேட்டவர் யார்? எதை வைப்பது, எதை விடுவது என்று தீர்மானிப்பவன் கையில் எத்தகைய அதிகாரம் இருக்கிறது என்பதற்கு இதைவிட வேறு உதாரணம் வேண்டுவதில்லை. கலையிற் குறையில்லாத படம் சரித்திரத்திற் குறையுடையதாய் இருக்கக் கூடும். பாலத்தில் ஒருவன் உயிருக்காக வெடியை நிறுத்திய கலைஞர், அந்தப் பாதையில் மாண்ட லட்சம் பேரைக் காணவில்லை.

பாலைவனத்தில் ஒரு வெட்டு

1962-இல் வெளிவந்த லாரன்ஸ் ஆஃப் அரேபியா லீனின் புகழுக்குச் சிகரம். ஜோர்டான், ஸ்பெயின், மொராக்கோ ஆகிய தேசங்களில் அது எடுக்கப்பட்டது. அதில் ஒரு வெட்டு இன்றளவும் படத்தொழில் பயில்வோருக்குப் பாடமாயிருக்கிறது. லாரன்ஸ் எரியும் தீக்குச்சியை ஊதி அணைக்கிறான்; அக்கணமே பாலைவனத்திற் சூரியன் உதிக்கிறது. முதலில் இரு காட்சிகளையும் ஒன்றினுள் ஒன்று கரையும்படி இணைப்பதென்றே எழுதியிருந்தனர். எடிட்டராக இருந்தவர் ஆன் கோட்ஸ் என்னும் மாதரசி. அக்கரைசல் ரசாயனச் சாலையில் ஆகவேண்டிய வேலையாகையால், பார்ப்பதற்காக இரண்டு துண்டுகளையும் நேரே ஒட்டி ஓட்டினர். கரைசலே வேண்டாம் என்பது இருவருக்கும் புரிந்தது. இன்னும் சிறிது செம்மைப்படுத்தும்படி லீன் கூற, ஆன் கோட்ஸ் இரண்டே படங்களைக் கத்தரித்தார். வினாடியிற் பன்னிரண்டில் ஒரு பங்கு! அவ்வளவே மிகையாயிருந்தது.

அப்படத்துக்கு ஏழு ஆஸ்கார் பரிசுகள் கிடைத்தன; ஆன் கோட்ஸும் ஒன்று பெற்றார். எடிட்டரான டைரக்டரின் அருகே எடிட்டராய் அமர்வது எளிதன்று. தம் தொழிலறிந்தவரிடம் லீன் காட்டிய மதிப்பாலேயே அது கூடிற்று.

ஆயினும் முதலாளிகளின் கத்தரிக்கோல் வேறு வகை. 222 நிமிஷம் ஓடிய படத்தில் முதலில் இருபது நிமிஷ அளவும், பின்னர் நடந்த மறு வெளியீட்டில் மேலும் பதினைந்து நிமிஷ அளவும் குறைக்கப்பட்டன. கொட்டகையில் ஓர் ஆட்டம் கூடுதலாகக் காட்ட வேண்டும் என்பதே இத்தகைய வெட்டுக்குக் காரணமாவது வழக்கம்.

மௌனமும் மீட்சியும்

1965-இல் டாக்டர் ஷிவாகோ பெரும் பொருளீட்டியது. 1970-இல் அயர்லாந்துக் கடற்கரையில் எடுத்த ரயன்ஸ் டாட்டர் படத்தையோ விமர்சகர்கள் கடிந்தனர். நியூயார்க்கில் ஒரு ஹோட்டலில் விமர்சகர் கூட்டமொன்று அவரை அழைத்து, முகத்துக்கு நேரே குறை கூறி வதைத்தது. நாற்பது வருஷங்களுக்கு மேல் தொழிலில் ஊறிய அவர், அச்சொற்களால் ஒடிந்து போனார். அடுத்த பதினான்கு வருஷங்கள் அவர் கதைப் படம் எதுவும் வெளியிடவில்லை. எழுத்தினால் ஒருவரை வெட்டுவதும் ஒருவகை வெட்டுதான்; பத்திரிகைத் தொழிலில் இருப்போர் இதை மறக்கலாகாது.

மறுபடி அவரை எழுப்பியது இந்தியா. ஈ. எம். ஃபார்ஸ்டர் 1924-இல் வெளியிட்ட எ பாஸேஜ் டு இந்தியா என்னும் நாவலைப் படமாக்க அவர் நம் நாட்டுக்கு வந்தார். பெங்களூருக்கு அருகிலுள்ள பாறைக் குன்றுகள் மராபர் குகைகளாயின. நம் நீலகிரி மலை ரயில் அக்குகைகளுக்குச் செல்லும் ரயிலாயிற்று. குற்றமற்ற இந்திய டாக்டர் ஒருவர், ஆங்கிலப் பெண்ணொருத்தியின் மயக்கத்தாற் குற்றக் கூண்டில் நிறுத்தப்படுவதும், நீதி மன்றத்தில் நிறவெறி வெளிப்படுவதுமே கதை. ஆளும் கூட்டத்தாரின் அகங்காரத்தை லீன் மூடி மறைக்கவில்லை. ஆனால் பிராமணர் வேஷத்துக்கு அலெக் கின்னஸ் என்னும் ஆங்கிலேயரையே போட்டது நம்மவர் கண்ணுக்கு உறுத்தியது நியாயமே. கின்னஸ் பழைய நண்பர். இருந்தும் அவர் நடித்த பகுதிகள் சிலவற்றை லீன் தயவு தாட்சண்யமின்றி வெட்டியெறிந்தார்.

1984-இல் வெளிவந்த அப்படத்தில் டைரக்டர் என்றும், திரைக்கதாசிரியர் என்றும், எடிட்டர் என்றும் அவர் பெயர் காணப்பட்டது. இம்மூன்று துறைகளிலும் ஆஸ்காருக்கு அவர் பெயர் முன்மொழியப்பட்டது. எழுபத்தாறு வயதில், ஸர் பட்டமும் பெற்ற ஒருவர், இளமையில் ஏறிய படிக்கே மகிழ்ச்சியோடு திரும்பி வந்து அமர்ந்தார்.

இறுதி நாட்கள்

1988-இல், ராபர்ட் ஹாரிஸ் முதலிய நிபுணர்கள் வெட்டியெறியப்பட்ட லாரன்ஸ் படத் துண்டுகளைத் தேடித் திரட்டிச் சேர்க்கும் பணியில் ஈடுபட்டிருந்தார்கள். ஒலி அழிந்துபோன இடங்களுக்கு, அன்று நடித்தவர்களே முதுமையில் வந்து மீண்டும் பேசிக் கொடுத்தனர். எண்பது வயதான லீனும் ஆன் கோட்ஸும் பழைய படத்தின் முன் மீண்டும் அமர்ந்தனர். வேண்டியதைச் சேர்த்தனர், சேர்த்ததிலும் மிகையைக் கத்தரித்தனர். 1989-இல் அப்படம் புதுப்பொலிவுடன் வெளிவந்தது. கான்ராடின் நாஸ்ட்ரோமோ நாவலைப் படமாக்க ஆயத்தம் செய்துகொண்டிருந்த வேளையில், 1991-இல், அவர் உயிர் நீத்தார்.

இச்சரித்திரத்தால் நாம் அறிவது யாது? தேநீர்க் கோப்பை ஏந்துவதும் பலகை பிடிப்பதும் இழிவல்ல. அவற்றின் வழியே தொழிலைக் கற்காதவனின் பட்டமே இழிவு. செய்த வேலைக்குப் பெயர் கேட்பது கர்வமல்ல. இவ்விரண்டையும் லீன் தம் வாழ்வாற் காட்டினார். மூன்றாவதை அவர் குறையாற் காட்டினார். கத்தரிக்கோல் பிடித்தவன், தள்ளிய துண்டில் யாருடைய முகம் இருக்கிறது என்று ஒருமுறை குனிந்து பார்க்க வேண்டும். சினிமா எடுப்போருக்கு மட்டும் உரிய விதியன்று இது. சரித்திரம் எழுதுவோருக்கும், சட்டம் செய்வோருக்கும், பத்திரிகை நடத்தும் நமக்கும் இது பொருந்தும். சயாம் காட்டில் பெயரின்றி மாண்ட நம்மவரின் கதையை யார் தொகுக்கப் போகிறார்கள் என்று நாம் அயலாரைக் கேட்டுக்கொண்டிருப்பதிற் பயனில்லை. அந்தக் கடமை நம்முடையது.